தேவாரம் கற்க எந்த வழி? ஓதுவார், இசையாசிரியர், ஒலிப்பதிவு, முற்றோதல் குழு

"தேவாரத்தைப் பண்ணோடு பாடக் கற்க வேண்டும், யாரிடம் போவது?" என்று என்னிடம் கேட்பவர்களில் மூன்று வகையினர் அதிகம். ஓய்வு பெற்ற பிறகு ஆசை வந்தவர்கள், பிள்ளையை எங்கே சேர்ப்பது என்று தவிக்கும் பெற்றோர், கோயிலில் தேவாரம் பாடும் ஓதுவார் இருக்கும் கோயிலே பக்கத்தில் இல்லாத ஊரில் குடியேறிவிட்டவர்கள். மூவருக்கும் நான் ஒரே விடை சொன்னதில்லை. ஆனால் மூவரிடமும் முதலில் ஒரே கேள்வியைத் திருப்பிக் கேட்பேன்: நீங்கள் பாடுவதைக் கேட்டு, "இந்த இடம் தவறு" என்று சொல்ல யார் இருக்கிறார்கள்?

என் முதல் அளவுகோல் அதுதான். மற்றவற்றையும் சொல்லிவிட்டு வழிகளுக்கு வருகிறேன்.

## எதை வைத்து எடை போடுவது?

திருத்தும் காது. ஏடு கிடைத்துவிட்டால் இசை கிடைத்துவிடாது. இதை நம் மரபே சொல்லியிருக்கிறது. தில்லையில் (சிதம்பரத்தில்) தேவார ஏடுகள் கிடைத்த பிறகும், பண், அதாவது அவற்றைப் பாடும் இசை முறை, தெரியாமல் இராசராசனும் திருமுறைகளைத் தொகுத்த நம்பியாண்டார் நம்பியும் நின்றார்கள் என்றும், திருஎருக்கத்தம்புலியூரில் சம்பந்தரோடு யாழ் வாசித்த திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணிடமிருந்தே பண் முறை திரும்பக் கிடைத்தது என்றும் திருமுறை கண்ட புராணம் பாடுகிறது. எழுத்து ஓரிடத்திலும் இசை ஒரு மனிதரின் தொண்டையிலும் இருந்திருக்கின்றன. இன்றும் நிலைமை ஏறக்குறைய அதுதான்.

சொல். தேவாரத்தில் இசை சொல்லைத் தாங்க வேண்டும். மூச்சு எங்கே எடுக்கிறோம், எந்த எழுத்தை நீட்டுகிறோம் என்பதில் பொருளே மாறிவிடும்.

பண்ணும் கட்டளையும். ஒரு பண்ணின் பெயர் தெரிந்துவிட்டால் அந்தப் பண்ணில் அமைந்த எல்லாப் பதிகங்களையும் ஒரே மெட்டில் பாடலாம் என்று பலர் நினைக்கிறார்கள். பாட முடியாது. ஒரே பண்ணுக்குள் யாப்பு மாறும்போது கட்டளை, அதாவது சொற்கள் அமையும் சந்த அளவு, மாறும்; நடையும் மாறும். சுந்தரர் தேவாரத்திலும் சம்பந்தர் தேவாரத்திலும் இந்தளம் என்று தலைப்பில் போட்டிருப்பதை மட்டும் பார்த்து மெட்டை மாற்றி ஒட்டினால், ஓரிடத்தில் சொல் மிஞ்சும், இன்னோரிடத்தில் தாளம் மிஞ்சும்.

முழுப் பதிகம். பதிகத்தில் பத்துப் பதினொரு பாடல்கள். சம்பந்தர் பதிகங்களில் பெரும்பாலும் எட்டாம் பாடலில் இராவணன் வருவான், ஒன்பதாவதில் அயனும் மாலும் தேடிக் காணாதது வரும், பத்தாவதில் சமணமும் பௌத்தமும். கடைசியான திருக்கடைக்காப்பில் தம் பெயரும் பாடுவோர் பெறும் பயனும். முதல் பாட்டை மட்டும் கற்பது வாசல் கோலத்தைப் பார்த்துவிட்டு வீட்டைப் பார்த்ததாகச் சொல்வது போன்றது.

தொடர முடியுமா? நேரம், பயணம், கட்டணம், உடல்நிலை எல்லாம் இதில் அடங்கும்.

## வழி ஒன்று: ஓதுவாரிடம் நேரில்

முதல் நான்கு அளவுகோல்களிலும் இதற்கு ஈடு வேறில்லை. ஐந்தாவதில்தான் சிக்கல்.

கோயிலில் பூசைக்குப் பின் "திருச்சிற்றம்பலம்" என்று தொடங்கிப் பாடும் ஓதுவார் உங்களுக்குக் கிடைத்தால், அவர் கற்றது பாட்டு மட்டும் அல்ல. தாளத்தோடு பாடும் பண்ணாங்கம், தாளமின்றிச் சொல்லின் போக்கில் விட்டுப் பாடும் சுத்தாங்கம் என்ற இரண்டு முறைகளும் அவர் நாவில் இருக்கும். அப்பரின் தாண்டகத்தையும் திருவிருத்தத்தையும் தாளமின்றிப் பாடும்போது அடுத்த சொல் எப்போது வரும் என்பதை எந்தக் குறியீடும் எழுதிக் காட்டாது. எதிரே உட்கார்ந்து அவர் முகத்தைப் பார்த்துப் பாடினால்தான் பிடிபடும்.

இந்த வழியின் அருமை எனக்குப் பட்டுத்தான் புரிந்தது. கையில் புத்தகம், காதில் ஒலிப்பதிவு என்று ஒன்றரை ஆண்டு நானே பயின்றேன். திருமுறையின் முதல் பதிகமான "தோடுடைய செவியன்" மனப்பாடம். ஒருநாள் ஒரு கோயிலில் கூட்டம் குறைந்த மதியத்தில் பாடினேன். தூணருகே உட்கார்ந்திருந்த முதிய ஓதுவார் முழுவதும் கேட்டார். பிறகு பக்கத்தில் அழைத்து, "ஐயா, நன்றாக இருந்தது. அந்தச் 'சுட' என்பது என்ன?" என்று கேட்டார். எனக்கு விளங்கவில்லை. இரண்டாவது வரியைப் பாடச் சொன்னார். பாடினேன். "காடுடையசுட" என்று நிறுத்தி, மூச்சு வாங்கி, "லைப்பொடிபூசி" என்று தொடர்ந்தேன். அவர் புத்தகத்தை வாங்கி அந்த வரியின் மேல் விரலை வைத்தார். அச்சில் அப்படித்தான் இருந்தது: "காடுடையசுட லைப்பொடிபூசி". யாப்புக்காகச் சீர் பிரித்து அச்சிட்டிருக்கிறார்கள். பாடுபவன் அதை "காடுடைய சுடலைப் பொடி பூசி" என்று சேர்த்துப் படித்திருக்க வேண்டும். சுடுகாட்டுச் சாம்பலைப் பூசியவனைப் பாட வந்தவன், சுடலையையே இரண்டாக வெட்டிவிட்டேன்.

கற்க எடுத்ததைவிட, அந்த ஒரு மூச்சை இடம் மாற்ற எனக்கு அதிக நாள் ஆயிற்று. பழகிய தவறு நாக்கில் ஒட்டிக்கொண்டுவிடும்.

இனி, முதல் நாளில் தெரியாத செலவுகள். ஓதுவாரின் நேரம் கோயிலின் நேரம். பிரதோஷம், திருவிழா, குருபூசை நாட்களில் வகுப்பு இருக்காது. மார்கழியில் விடியலுக்கு முன்பே அவர் பணி தொடங்கிவிடும். நடை சாத்திய பிறகு கிடைக்கும் மதிய நேரத்தில் அவருக்கும் ஓய்வு வேண்டும். பலர் கட்டணமாக ஒரு தொகை சொல்ல மாட்டார்கள். "உங்கள் விருப்பம்" என்பார்கள். அதைக் குறைவாகக் கொடுக்கலாம் என்று எடுத்துக்கொள்வது பெருந்தவறு. ஊரில் ஒரு நல்ல இசையாசிரியருக்கு மாதம் என்ன தருவீர்களோ அதற்குக் குறையாமல் வெற்றிலை பாக்கோடு தட்டில் வையுங்கள்.

பெண்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. ஆசிரியர் ஆணாக இருந்தால் அவருடைய சுருதியிலேயே உடன் பாடிப் பாடிப் பலர் குரலைக் கெடுத்துக்கொள்கிறார்கள். உங்கள் சுருதியை முதல் வாரத்திலேயே கண்டுபிடித்து, அதில் தனியாகப் பாடிக் காட்டுவேன் என்று சொல்லிவிடுங்கள். எந்த நல்ல ஆசிரியரும் மறுக்க மாட்டார்.

முறையாகச் சான்றிதழோடு கற்க விரும்பும் இளையவர்களுக்குத் தமிழக அரசின் மாவட்ட இசைப் பள்ளிகள் இருக்கின்றன. குரலிசை, நாகசுரம், தவில், பரதநாட்டியம், வயலின், மிருதங்கம் ஆகியவற்றோடு தேவாரமும் அங்கே தனிப் பாடம், மூன்றாண்டுப் படிப்பு. வயது வரம்பு உண்டு என்பதால் ஓய்வு பெற்றவர்களுக்கு அந்தக் கதவு திறக்காது. ஓதுவாராகவே பணியாற்ற விரும்புவோருக்குப் பெரிய கோயில்களை ஒட்டி ஓதுவார் பயிற்சிப் பள்ளிகள் உள்ளன.

## வழி இரண்டு: கர்நாடக இசையாசிரியரிடம்

தெருவுக்கு ஒருவர் கிடைப்பார். குழந்தைகளைச் சேர்ப்பது எளிது. குரலைப் பண்படுத்துவதிலும் சுருதி சேர்ப்பதிலும் இந்த வழி மிக வலிமையானது. சரளி, ஜண்டை, அலங்காரம் என்று இரண்டாண்டு கற்ற குழந்தைக்குத் தேவார மெட்டைச் சொன்னால் மறுநாள் பாடிவிடும். அந்த அடித்தளம் இல்லாத பெரியவர் அதே மெட்டோடு ஒரு மாதம் போராடுவார்.

பண்ணுக்கு இணையான இராகம் எது என்பதில் வழக்கம் ஓரளவு நிலைபெற்றிருக்கிறது. கௌசிகத்தைப் பைரவியில் பாடுகிறோம். தக்கராகமும் தக்கேசியும் காம்போதி, மேகராகக்குறிஞ்சி நீலாம்பரி, காந்தாரபஞ்சமம் கேதாரகௌளை, செந்துருத்தி மத்தியமாவதி. ஆகவே இராகம் அறிந்த ஆசிரியருக்குப் பாதி வேலை முடிந்தது போலத் தோன்றும்.

மீதிப் பாதியில்தான் கவனம் வேண்டும். நட்டபாடையைக் கம்பீரநாட்டையில் பாடுவது ஓதுவார் மரபு. பெயர் ஒத்திருப்பதால் சிலர் நாட்டை என்றே எடுத்துக்கொண்டு பாடம் சொல்கிறார்கள். நாட்டையில் வரும் ரிஷபத்துக்குக் கம்பீரநாட்டையில் இடமில்லை. அந்த ஒரு சுரம் நுழைந்ததும் பதிகத்தின் முகமே வேறாகிவிடுகிறது. அடுத்தது கமகமும் சங்கதியும். கச்சேரிப் பழக்கம் உள்ள ஆசிரியர் ஒரு சொல்லை மூன்று விதமாகச் சுழற்றிக் காட்டுவார். கேட்க அழகாக இருக்கும். ஆனால் பதினொரு பாட்டையும் அப்படிப் பாடினால் ஒரு பதிகம் முடிய ஒரு மணி நேரம் ஆகும் என்பதால், முதல் பாட்டோடு நிறுத்திவிடுவார்கள். கச்சேரியின் கடைசியில் ஒரு பாட்டு என்ற இடத்துக்கு அப்படித்தான் தேவாரம் வந்து சேர்ந்தது.

இங்கே மறைந்திருக்கும் செலவு காலம். "முதலில் கீதம், வர்ணம் முடியட்டும், தேவாரம் பிறகு பார்க்கலாம்" என்பார்கள். அந்தப் பிறகு பல வீடுகளில் வராமலே போகிறது. சேர்க்கும்போதே, ஆறாம் மாதத்திலிருந்து மாதம் ஒரு முழுப் பதிகம் வேண்டும் என்று பேசிக்கொள்ளுங்கள். ஒப்புக்கொள்ளும் ஆசிரியர் கிடைத்தால், பத்து வயதுக்குட்பட்ட பிள்ளைக்கு இதைவிட நல்ல தொடக்கம் அரிது. எம். எம். தண்டபாணி தேசிகர் ஓதுவார் மரபிலிருந்து கச்சேரி மேடைக்குப் போய் இரண்டையும் ஒரே தொண்டையில் வைத்திருந்தார். இரண்டு வழிகளும் பகையல்ல என்பதற்கு அவர் குரலே சான்று.

## வழி மூன்று: ஒலிப்பதிவைக் கேட்டுத் தானே கற்றல்

செலவு இல்லை, நேரக் கட்டுப்பாடு இல்லை, கூச்சமும் இல்லை. தருமபுரம் ப. சுவாமிநாதன் பாடிய பதிவுகளைக் கேட்டு வளர்ந்த ஒரு தலைமுறையே இருக்கிறது. தருமபுர ஆதீனத்தின் தேவாரம் இணையதளத்தில் பாட்டும் பொருளும் ஒலியும் ஒரே இடத்தில் கிடைக்கின்றன. வெளிநாட்டில், ஓதுவாரே இல்லாத ஊரில் இருப்பவருக்கு இது பெரும் பேறு.

ஆனால் ஒலிப்பதிவு பாடும், கேட்காது. மேலே நான் சொன்ன "சுட" ஒன்றரை ஆண்டு என் வாயில் இருந்தது. நான் கேட்ட பதிவில் அந்த வரி சரியாகத்தான் இருந்தது. காதில் காதொலிப்பானை மாட்டிக்கொண்டு உடன் பாடும்போது நாம் அவருடைய குரலைத்தான் கேட்கிறோம், நம் குரலை அல்ல. அவர் சரியாகப் பாடுவதை நாம் சரியாகப் பாடுவதாக எண்ணிக்கொள்கிறோம்.

அதனால் இந்த வழியில் போகிறவர்களுக்கு நான் சொல்லும் முறை இது. முதல் மூன்று நாள் பாடவே வேண்டாம், கேளுங்கள். நான்காம் நாள் பாட்டைச் சீர் பிரிக்காமல், சொல் பிரித்துக் கையால் எழுதுங்கள். பொருளைப் படியுங்கள். மூச்சு எடுக்கும் இடத்தில் சிறு கோடு இடுங்கள். பிறகு பதிவை நிறுத்திவிட்டு, சுருதிப்பெட்டியை மட்டும் வைத்துக்கொண்டு பாடி, அதைக் கைப்பேசியில் பதியுங்கள். இரண்டையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். முதல் முறை மனம் நோகும். நோகட்டும், திருத்தம் அங்கேதான் தொடங்குகிறது. பெண்களும் சிறுவரும் பதிவின் சுருதியில் பாடவே கூடாது. மெட்டு மனதில் ஏறியதும் தங்கள் சுருதிக்கு மாற்றிக்கொள்ள வேண்டும்.

இணையவழியில் ஓதுவாரிடம் நேரலை வகுப்பு கற்பது முதல் வழிக்கும் இதற்கும் இடைப்பட்டது. ஒலி சற்றுப் பிந்தி வருவதால் சேர்ந்து பாட முடியாது, தாளம் ஒட்டாது. அவர் ஒரு வரி, நீங்கள் ஒரு வரி என்று மாறிமாறிப் பாடினால் நன்றாக நடக்கும். திருத்தும் காது இருக்கிறது என்பதால், வெறும் பதிவைவிட இதற்கே என் வாக்கு.

## வழி நான்கு: முற்றோதல் குழு, வார வழிபாட்டுக் குழு

திருவாசகத்தின் 658 பாடல்களையும் ஒரே நாளில் ஓதி முடிக்கும் முற்றோதல்களைப் பலர் பார்த்திருப்பீர்கள். அதே போல் வாரம் ஒரு நாள் கூடித் திருமுறைகளை வரிசையாக ஓதும் குழுக்களும் ஊர்தோறும் உண்டு. சித்திரைச் சதயத்தில் அப்பர், வைகாசி மூலத்தில் சம்பந்தர், ஆனி மகத்தில் மணிவாசகர், ஆடிச் சுவாதியில் சுந்தரர் என்று குருபூசை நாட்களைச் சுற்றி ஆண்டு ஓடும். தனியாகக் கற்பவர் மூன்றாம் மாதத்தில் விட்டுவிடுவார். குழுவில் சேர்ந்தவர் விடமாட்டார், ஏனென்றால் வராத வாரம் யாராவது கேட்பார்கள்.

கூடிப் பாடுவது புதிய பழக்கமும் அல்ல. தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பேரையும், உடன் உடுக்கை வாசிக்க ஒருவரையும் கொட்டி மத்தளம் வாசிக்க ஒருவரையும் இராசராசன் நியமித்ததையும், ஆளுக்கு நாளொன்றுக்கு மூன்று குறுணி (பழைய முகத்தலளவை) நெல் அளந்ததையும் அங்குள்ள கல்வெட்டு சொல்கிறது.

பண் என்ற அளவுகோலில் இந்த வழி தளர்ந்துவிடும். விரைவாக முடிக்க வேண்டியிருப்பதால் பல பண்களும் இரண்டு மூன்று மெட்டுகளுக்குள் அடங்கிவிடும். உரத்த குரல் உள்ளவர் செய்யும் தவறு ஒரு வருடத்தில் குழுவின் பாடமாகிவிடும். குழுவில் பண் அறிந்த ஒருவராவது இருக்கிறாரா என்று பார்த்துச் சேருங்கள்.

## ஒரே பார்வையில்

| | ஓதுவார் | இசையாசிரியர் | ஒலிப்பதிவு | குழு |
|---|---|---|---|---|
| திருத்தம் | உடனுக்குடன் | சுரத்தில் உண்டு, சொல்லில் ஆளைப் பொறுத்தது | இல்லை | அரிது |
| பண், கட்டளை | முழுமை | இராகம் வலு, கட்டளை ஐயம் | கேட்கலாம், விளக்கம் கிடைக்காது | தளர்வு |
| முழுப் பதிகம் | ஆம் | கேட்டுப் பெற வேண்டும் | ஆம் | ஆம் |
| மறைந்த செலவு | கோயில் நேரம், பயணம் | இரண்டாண்டு அடிப்படைப் பாடம் | பழகிப்போன தவறு | பொது மெட்டு |
| ஏற்றவர் | உறுதியாகக் கற்க விரும்புபவர் | சிறுவர் | தொலைவில் இருப்பவர் | தொடர்ச்சி தேடுபவர் |

## யாருக்கு எது?

பக்கத்து ஊரிலாவது ஓர் ஓதுவார் இருந்தால், பதினைந்து நாளுக்கு ஒரு முறையே போக முடிந்தாலும், அவரிடம் போங்கள். இடைப்பட்ட நாட்களில் பதிவைக் கேளுங்கள். ஓய்வு பெற்றவர்களுக்கு இந்தக் கலவையைத்தான் சொல்கிறேன். கூடவே ஒரு குழுவிலும் இருந்தால் விட்டுப்போகாது. முழங்கால் வலியால் பயணம் முடியாதவர், பேரப்பிள்ளையின் உதவியோடு தம் பாட்டைப் பதிந்து ஓதுவாருக்கு அனுப்பித் திருத்தம் கேட்கலாம். மனமுவந்து சொல்பவர்கள் இருக்கிறார்கள்.

பிள்ளைக்கு என்றால், முன்பே பேசி வைத்த நிபந்தனையோடு இசையாசிரியர். பன்னிரண்டு பதின்மூன்று வயதில் ஓதுவாரிடமோ அரசு இசைப் பள்ளிக்கோ மாற்றலாம். இசையில் நாட்டமே இல்லாத பிள்ளையை வகுப்பில் தள்ள வேண்டாம். இரவில் வீட்டில் ஒரு பாட்டைச் சேர்ந்து ஓதினால் போதும். யாழ்ப்பாணத்தில் கோயிலில் பஞ்சபுராணம் (தேவாரம் தொடங்கி ஐந்து திருமுறைப் பாடல்கள்) ஓதுவதைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு, எந்த வகுப்பும் இல்லாமலே தேவாரம் நாவில் நிற்பதைக் கண்டிருக்கிறேன்.

வெளிநாட்டில் இருப்பவருக்கு நேரலை வகுப்பு. ஊருக்கு வரும் விடுமுறையில் ஒரு வாரமாவது அந்த ஆசிரியர் முன் நேரில் உட்காருங்கள்.

எந்த வழியில் போனாலும் முதல் பதிகமாக எதை எடுப்பது? "மண்ணில் நல்ல வண்ணம் வாழலாம்" என்பேன். சம்பந்தர் கழுமலத்தில் பாடியது, பண் கொல்லி, இன்று நவரோசு இராகத்தில் பாடுகிறோம். நவரோசில் குரல் நடு ஸ்தாயியின் பஞ்சமத்துக்கு மேல் ஏறாது, கீழே மந்தரப் பஞ்சமம் வரை இறங்கும். எட்டாத சுரத்தைத் துரத்தித் தொண்டையை நோகடிக்க வேண்டியதில்லை. கீழே இறங்கக் கஷ்டமாக இருந்தால் சுருதியை ஒரு கட்டை உயர்த்திக்கொள்ளலாம்.

பெரும்பாலான பதிப்புகளில் அதன் முதல் அடி "மண்ணின்நல் லவண்ணம்" என்று சீர் பிரிந்திருக்கும். "நல்ல வண்ணம்" என்று சேர்ந்து வாயில் வரும் வரை இரண்டாம் அடிக்குப் போக வேண்டாம்.